தாராவி ரூமுக்குப் புது வீடு: 2000-க்கு முந்தைய ஆதாரத்தை எங்கே, எப்படித் தேடுவது?

வழக்கமா நம்ம சேனல்ல எஸ்.ஐ.பி., டேர்ம் இன்ஷூரன்ஸ், வருமான வரின்னுதான் பேசுவோம். இன்னைக்குக் கொஞ்சம் வேற மாதிரி ஒரு சொத்து. மும்பை தாராவியில அப்பா வாங்கின ஒரு பத்துக்குப் பன்னிரண்டு ரூம். இந்தப் பதிவைப் படிக்கிறவங்கள்ல சிலர் அந்த ரூம்ல படிச்சு வளர்ந்து, இப்போ பி.கே.சி.யிலயோ ஐரோலியிலயோ சம்பளத்துக்கு வேலை பார்க்கிறவங்க. சிலரோட பெற்றோர் இன்னும் 90 அடி ரோட்டுப் பக்கம்தான் இருக்காங்க. திருநெல்வேலி, தூத்துக்குடி மாவட்டங்கள்ல இருந்து போன குடும்பங்கள்.

உங்க மியூச்சுவல் ஃபண்டு இந்த வருஷம் 12% தருதா 14% தருதான்னு பார்க்கிறதைவிட, அந்த ரூமோட பேப்பர் சரியா இருக்கான்னு பார்க்கிறது உங்க குடும்பத்துக்குப் பல மடங்கு பெரிய விஷயம். காரணம், ஒரே சந்துல பக்கத்துப் பக்கத்துல இருக்கிற மூணு வீட்டுக்கு மூணு விதமான முடிவு வரலாம். ஒருத்தருக்கு தாராவிக்குள்ளேயே இலவச வீடு. அடுத்தவருக்கு ரூ.2.5 லட்சம் கட்டி வெளியில வீடு. மூணாமவருக்கு மாசா மாசம் வாடகை கட்டி, பிறகு சொந்தமாக்கிக்கிற வீடு. எல்லாத்தையும் முடிவு பண்றது ஒரு தேதியும், அந்தத் தேதியை நிரூபிக்கிற ஒரு காகிதமும்.

ஒண்ணு முதல்லயே சொல்லிடறேன். இது மகாராஷ்டிரச் சட்டம். சென்னையில நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியத்தோட பழைய குடியிருப்புகளை இடிச்சுக் கட்டும்போது கேட்கப்படுறது ஒதுக்கீட்டு ஆணை, வாரிசு விவரம் போன்றவை. அந்தக் கணக்கே வேற. இதைப் படிச்சுட்டு அங்கே போய்ப் பேசாதீங்க.

எந்தத் தேதி, என்ன கிடைக்கும்

அடிப்படைச் சட்டம் 1971-ல வந்த மகாராஷ்டிரக் குடிசைப் பகுதிகள் சட்டம். 1976-ல அரசு ஒரு குடிசைக் கணக்கெடுப்பு நடத்தி அடையாள அட்டை கொடுத்தது. 1985-ல உச்ச நீதிமன்றம் சொன்ன ஒல்கா டெல்லிஸ் தீர்ப்புல, அந்த 1976 அட்டை வச்சிருந்தவங்களுக்கு மாற்று இடம் கொடுக்கணும்னு உத்தரவு வந்தது. நடைபாதையில இருந்தவங்களுக்குக்கூட ஒரு பழைய அட்டைதான் அன்னைக்குக் கைகொடுத்தது. அதுக்கப்புறம் கட்-ஆஃப் தேதி 1980, 1985, 1995-னு ஒவ்வொரு ஆட்சியிலயும் நகர்ந்தது. குடிசை மறுவாழ்வு ஆணையம், அதாவது எஸ்.ஆர்.ஏ., 1995 டிசம்பர்ல வந்தது.

இப்போ நமக்கு முக்கியமான தேதி 2000 ஜனவரி 1. அதுக்கு முன்னாடி இருந்த குடிசைக்கு இலவச மறுவாழ்வு. மும்பையில பொதுவான எஸ்.ஆர்.ஏ. திட்டங்கள்ல இப்போதைய அளவு 300 சதுர அடி. முன்பு 269 சதுர அடியா இருந்தது. தாராவித் திட்டத்துல மட்டும் 350 சதுர அடி.

தாராவியில நிலைமை இப்படி:

தரைத்தளம், 2000 ஜனவரி 1-க்கு முன்: தாராவிக்குள்ளேயே இலவசமா 350 சதுர அடி.

தரைத்தளம், 2000 ஜனவரி 1-க்குப் பிறகு 2011 ஜனவரி 1 வரை: ரூ.2.5 லட்சம் கட்டி 300 சதுர அடி, தாராவிக்கு வெளியே, மும்பைப் பெருநகரப் பகுதிக்குள்ள.

தரைத்தளம், 2011-க்குப் பிறகு 2022 நவம்பர் 15 வரை. அதோட அந்தத் தேதி வரை இருந்த எல்லா மேல்தளங்களும்: வெளியில 300 சதுர அடி, வாடகைத் தவணை முறையில.

கடைசி வரியை இன்னொரு தடவை படிங்க. மேல்தளம்னா 1990-ல கட்டியிருந்தாலும் மேல்தளம்தான். கீழே அண்ணன், மேலே தம்பி, ஒரே ஏணின்னு இருபது வருஷமா வாழ்ந்த குடும்பங்கள் எத்தனையோ. இந்தக் கணக்குல அண்ணன் தாராவியில இருப்பார், தம்பி வேற எங்கேயோ போவார். இது நியாயமான்னு கேட்டா, எனக்கு இல்லைன்னுதான் தோணுது. குடும்பம் ஒண்ணுன்னு ரேஷன் கார்டு சொல்லும், தளம் ரெண்டுன்னு திட்டம் சொல்லும். ஆனா விதி அதுதான். அதுக்குள்ள நமக்கு வர வேண்டியதை விடாம வாங்கறதுதான் இப்போ வேலை. கல்யாணமாகி மேல்மாடியில இருக்கிற சம்பளக்காரர் நீங்களா இருந்தா, "அப்பா பேர்ல எல்லாம் இருக்கு"ன்னு சும்மா இருக்காதீங்க. உங்க தளத்துக்கு உங்க பேர்ல 2022 நவம்பர் 15-க்கு முந்தைய ஆதாரம் வேணும்.

ரெண்டே ரெண்டு கேள்வி

அதிகாரி எத்தனை பேப்பர் கேட்டாலும், உள்ளுக்குள்ள அவர் பார்க்கிறது ரெண்டு கேள்விக்கான பதில்தான். ஒண்ணு: இந்தக் குடிசை அந்தத் தேதிக்கு முன்னாடி இங்கே இருந்ததா? ரெண்டு: இப்போ இதுல இருக்கிறது நீங்கதானா?

பலர் ரெண்டாவது கேள்விக்குப் பத்து ஆவணம் கொண்டுபோய், முதல் கேள்விக்கு ஒண்ணுமே இல்லாம நிற்கிறாங்க. ஆதார் கார்டு நல்ல உதாரணம். ஆதாரே 2010-லதான் வர ஆரம்பிச்சது. அது எப்படி 2000-ஐ நிரூபிக்கும்? அது இன்னைக்கு நீங்க எங்கே இருக்கீங்கன்னு மட்டும்தான் சொல்லும். பான் கார்டுல முகவரியே கிடையாது. ஆளை அடையாளம் காட்டும், அவ்வளவுதான். இந்த ரெண்டையும் பத்திரமா லேமினேட் பண்ணி வச்சுட்டு, தகரப் பெட்டியில இருக்கிற 1998 லைட் பில்லைப் பழைய பேப்பர்காரருக்குப் போடறவங்க உண்டு.

முதல் கேள்விக்கு வலுவானது எதுன்னா, என் கணிப்புல முதல் இடம் வாக்காளர் பட்டியலுக்கு. கையில இருக்கிற வாக்காளர் அட்டையைச் சொல்லலை, பட்டியலைச் சொல்றேன். அட்டை தொலையும், மாறும், முகவரி திருத்தப்படும். பட்டியல் அந்தந்த வருஷத்துக்கு அச்சடிச்ச அரசு ஆவணம். 2000-க்கோ அதுக்கு முந்தைய வருஷத்துக்கோ உரிய பட்டியல்ல அப்பா பேரோ அம்மா பேரோ அந்த முகவரியில இருந்தா, அந்தப் பக்கத்தோட சான்றிட்ட நகலை வாக்காளர் பதிவு அலுவலர் அலுவலகத்துல எழுதிக் கேட்டு வாங்கலாம். கிடைக்கலைன்னு வாய்வார்த்தையா சொல்லி அனுப்பினா, தகவல் உரிமைச் சட்டத்துல ரூ.10 கட்டணத்தோட ஒரு மனு போடுங்க. எழுத்துல பதில் வரும். "இல்லை"ன்னு வந்தாலும் அதுவும் ஒரு ஆவணம்.

அடுத்தது அரசு கொடுத்த போட்டோ பாஸ், பழைய கணக்கெடுப்புப் பாவ்தி. 1976-லயோ அதுக்குப் பிறகோ கணக்கெடுத்துக் கொடுத்த ரசீதை வீட்டுல "சர்வே பாவ்தி"ன்னு சொல்லுவாங்க. தாத்தா காலத்துப் பாவ்தின்னா பொக்கிஷம். 2007-08-ல மஷால்ங்கிற அமைப்பு தாராவியில கணக்கெடுத்தபோது போட்ட எண் இருந்தா அதையும் எடுத்து வைங்க. அது 2000-ஐ நிரூபிக்காது. ஆனா 2011-க்கு முன்னாடி இருந்தீங்கன்னு காட்ட உதவும். இலவசம் கைவிட்டுப் போனாலும் ரூ.2.5 லட்ச வரிசையில நிற்க அதுவே போதுமானதா ஆகலாம்.

அப்புறம் லைட் பில். தாராவிக்கு மின்சாரம் கொடுக்கிறது பெஸ்ட். இன்னைக்கு வர்ற பில்லுல நுகர்வோர் எண் இருக்கும். அந்த எண்ணை வச்சு, இந்த இணைப்பு எந்தத் தேதியில, யார் பேர்ல கொடுத்ததுன்னு எழுத்துல கேளுங்க. பழைய பில் ஒண்ணுகூட இல்லாத வீட்டுக்கும் இது ஒரு வழி.

கடை வச்சிருந்தவங்களுக்கு குமாஸ்தா லைசென்ஸ். கடை, பட்டறைக்கு 225 சதுர அடி வரைக்கும்தான் இலவசம். அதனால வீடும் தொழிலும் ஒரே ரூம்ல நடந்திருந்தா, சர்வேயில அதை எப்படிப் பதியறாங்கன்னு கவனிச்சுக் கையெழுத்துப் போடுங்க. முறுக்கு, அதிரசம் போட்டு வித்த ரூம், தையல் மெஷின் ஓடின ரூம், தோல் வேலை நடந்த ரூம்னு தாராவியில பாதி வீடு தொழில் வீடுதான்.

மத்ததெல்லாம் துணைக்கு. மாநகராட்சிப் பள்ளியோட விடுப்புச் சான்றிதழ், பிறப்புப் பதிவு, பழைய பாஸ்புக், எல்.ஐ.சி. பிரீமிய ரசீது, தபால் முத்திரையோட வந்த கடிதம். தனியா நிற்காது. ஆனா வாக்காளர் பட்டியல்ல பேர் கொஞ்சம் தப்பா இருக்கும்போது பக்கத்துல நின்னு தாங்கும்.

ஊரா, மும்பையா?

நம்ம ஆட்கள்கிட்ட இருக்கிற தனிச் சிக்கல் இது. வேலை மும்பையில, ரேஷன் கார்டு ஊர்ல. பொங்கல் பரிசு வருது, கோயில் கொடைக்குப் போகும்போது ஒரு ஓட்டும் இருக்கட்டும்னு வாக்காளர் பேரும் ஊர்லயே. முப்பது வருஷம் தாராவியில இருந்தவரோட பேர், காகிதத்துல சங்கரன்கோவில் பக்கத்து ஒரு கிராமத்துல இருக்கும். அந்தக் காகிதத்தை வச்சு "நீங்க இங்கே குடியிருக்கலையே"ன்னு ஒருத்தர் ஆட்சேபம் போட்டா பதில் சொல்றது கஷ்டம்.

சிலர் ரெண்டு இடத்துலயும் ஓட்டு வச்சிருப்பாங்க. 1950-ம் வருஷத்து மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் ஒருத்தர் ஒரு தொகுதியில மட்டும்தான் பதிவாகலாம்னு சொல்லுது. பொய் உறுதிமொழி கொடுத்தா ஒரு வருஷம் வரை சிறைத் தண்டனைக்கு இடம் இருக்கு. அதனால "பாதுகாப்புக்கு ரெண்டு"ங்கிறது பாதுகாப்பே இல்லை. அப்பா, அம்மா உண்மையில எங்கே இருக்காங்களோ அங்கே ஒண்ணு வச்சுட்டு மத்ததை நீக்கிடுங்க. ஊருக்கே திரும்பிப் போய் நிரந்தரமா தங்கிட்டாங்க, ரூம் வாடகைக்கு விட்டிருக்குன்னா, ரெண்டாவது கேள்வியில சிக்கல் வரும்னு தெரிஞ்சுக்கணும். அதை மறைக்க யோசனை சொல்றவங்ககிட்ட போகாதீங்க. வக்கீல்கிட்ட போங்க.

இனிஷியல் தொல்லை

மகாராஷ்டிரத்துல பேர் எழுதற முறை: தன் பேர், அப்பா பேர், குடும்பப் பேர். நமக்குக் குடும்பப் பேரே கிடையாது. விளைவு என்னன்னா, சுப்பையா மகன் முருகன்ங்கிற ஒரே ஆள் வாக்காளர் பட்டியல்ல "முருகன் சுப்பையா", லைட் பில்லுல "எஸ். முருகன்", ரேஷன் கார்டுல "சுப்பையா முருகன் நாடார்", ஆதார்ல வெறும் "முருகன்". பட்டியல் தயாரிக்கிற அதிகாரிக்கு இவங்க நாலு பேர். மராத்தியில எழுதும்போது எழுத்து மாறி வர்றது தனிக்கதை. ழகரம் எப்படியெல்லாம் ஆகும்னு உங்களுக்கே தெரியும்.

இதுக்கு நாலு பேரும் ஒரே ஆள்தான்னு உறுதிமொழிப் பத்திரம் ஒண்ணு நோட்டரி முன்னாடி எழுதி வைக்கணும். எந்தெந்த ஆவணத்துல எந்தெந்த மாதிரி பேர் இருக்குன்னு வரிசையா, ஆவண எண்ணோட எழுதணும். இப்போதைய ஆவணங்களை, ஆதார், பான், வங்கிக் கணக்கு மூணையும், ஒரே மாதிரி பேருக்கு மாத்திடுங்க. பழையதைத் திருத்தப் போகாதீங்க. 1999 பட்டியல்ல இருக்கிற தப்பு, தப்பாவே இருக்கிறதுதான் அதோட மதிப்பு.

அப்பா வாங்கினது 2006-ல

இதுவும் ரொம்ப சகஜம். ரூம் 1992-ல இருந்து இருக்கு, நம்ம அப்பா இன்னொருத்தர்கிட்ட இருந்து 2006-ல வாங்கினார். 2000-க்கு முன்னாடி நம்ம பேர்ல எதுவும் இருக்காது, இருக்கவும் முடியாது. அப்போ சங்கிலியைக் காட்டணும்: முந்தையவர் பேர்ல 2000-க்கு முந்தைய ஆதாரம், அவர்கிட்ட இருந்து அப்பாவுக்கு வந்ததுக்கு எழுத்து, அப்பா இப்போ இருக்கிறதுக்கு ஆதாரம். நடுவுல ஒரு கண்ணி விட்டாலும் போச்சு. முந்தையவர் உயிரோட இருக்கும்போதே அவரைத் தேடிப் பிடிச்சு, அவரோட பழைய வாக்காளர் பட்டியல் பக்கம், பில், போட்டோ பாஸ் நகல் எல்லாம் வாங்கிடுங்க. பத்து வருஷம் கழிச்சு அவர் பிள்ளைகள்கிட்ட கேட்டா, "எங்க அப்பா வித்தாரா, வாடகைக்குத்தானே விட்டார்"னு பதில் வரலாம்.

அப்பா இறந்துட்டார்னா இறப்புச் சான்றிதழ், வாரிசுகள் விவரம், மத்த வாரிசுகளோட சம்மதப் பத்திரம் தேவைப்படும். அக்கா, தங்கச்சிக்கும் பங்கு உண்டுங்கிறதை மறக்காதீங்க. கையெழுத்து கேட்கப் போகும்போது பேச வேண்டியதை வீட்டுல உட்கார்ந்து முதல்லயே பேசிடுங்க. எஸ்.ஆர்.ஏ. வீடு கணவன், மனைவி ரெண்டு பேர் பேர்லயும் சேர்த்துத்தான் ஒதுக்கணும்னு விதி. அம்மா பேர் விடுபட்டிருந்தா அதையும் கேளுங்க.

பட்டியல் வந்த பிறகு

யார் தகுதி உள்ளவர், யார் இல்லாதவர்னு வர்ற பட்டியலுக்குப் பேர் அனெக்ஷர்-2, அதாவது இணைப்பு-2. தாராவியில வீடுவீடா சர்வே 2024 மார்ச்ல ஆரம்பிச்சது. வீட்டுக்கு எண் போட்டு, அளந்து, ஆவணங்களை ஸ்கேன் பண்ணிட்டுப் போவாங்க. மூல ஆவணத்தைக் கொடுத்துடாதீங்க. காட்டுங்க, நகல் கொடுங்க, என்னென்ன கொடுத்தீங்கன்னு எழுதிக் கையெழுத்து வாங்குங்க. பூட்டின வீடு சர்வேயில பூட்டின வீடாத்தான் பதிவாகும். அன்னைக்கு ஒரு நாள் லீவு போட்டு இருக்கிறது வீண் இல்லை.

வரைவுப் பட்டியல் வந்ததும் பேர் இருக்கான்னு மட்டும் பார்க்காதீங்க. தளம், அளவு, வீடா கடையா, எந்த வகையில போட்டிருக்காங்க, பேர் எழுத்து எல்லாம் பாருங்க. தகுதி இல்லைன்னு போட்டிருந்தா பக்கத்துல காரணம் இருக்கும். "ஆவணம் போதவில்லை"ன்னா எந்த ஆவணம்னு கேட்டு, அறிவிப்புல சொன்ன நாளுக்குள்ள ஆட்சேபம் போட்டு ரசீது வாங்குங்க. அதுக்கும் மேல முறையீட்டு அதிகாரி, குறை தீர்ப்புக் குழு, பிறகு உயர் நீதிமன்றம்னு படி இருக்கு. ஆனா ஒவ்வொரு படியிலயும் அவங்க பார்க்கப் போறது முதல் படியில நீங்க கொடுத்த காகிதத்தைத்தான்.

பட்டியல்ல பேர் சேர்க்க இவ்வளவு ஆகும்னு ஒரு ஏஜென்ட் வருவார், கண்டிப்பா வருவார். சர்வேக்குக் கட்டணம் கிடையாது. பணம் கொடுத்துச் செஞ்ச போலி 1999 ரசீது ஒண்ணு பிடிபட்டா, உங்ககிட்ட இருக்கிற உண்மையான ரசீதையும் யாரும் நம்பமாட்டாங்க.

சம்பளக்காரங்க கவனிக்க வேண்டிய சிலது

நீங்க பேங்க் லோன் போட்டு டோம்பிவிலியிலயோ, ஊர்லயோ ஒரு ஃபிளாட் வாங்கப் போறீங்கன்னு வைங்க. தகுதித் தொகை கூட வரட்டும்னு அப்பாவையும் சேர்க்கிறீங்க. இங்கே நிதானம். இணைக் கடன்தாரர் வேற, இணை உரிமையாளர் வேற. ரூ.2.5 லட்ச வகை பிரதமர் வீட்டு வசதித் திட்டத்தின் கீழ் வருது. அந்தத் திட்டத்துல இந்தியாவுல எங்கேயும் பக்கா வீடு இருக்கக் கூடாது. கிரயப் பத்திரத்துல அப்பா பேர் ஏறிடுச்சுன்னா அவருக்கு வீடு இருக்குன்னு ஆயிடும். கடனுக்கு மட்டும் சேர்க்க முடியுமான்னு பேங்க்ல கேட்டுட்டுப் பத்திரம் எழுதுங்க.

அடுத்து, ரூம் உங்க பேர்ல இருக்கு, ஆனா ஆபீஸ்ல வேற முகவரிக்கு வாடகை ரசீது கொடுத்து எச்.ஆர்.ஏ. விலக்கு எடுக்கறீங்க. ரெண்டும் அரசுக்குக் கொடுத்த ஆவணம்தான். ஒண்ணு உண்மைன்னா இன்னொண்ணு?

"தகுதியான ரூம், பட்டியல்ல பேர் இருக்கு, பவர் ஆஃப் அட்டர்னி போட்டு வாங்கிக்கலாம், நாலு வருஷத்துல ஃபிளாட்"னு உங்ககிட்டயே விற்க வருவாங்க. பவர் பத்திரம் மூலமா உரிமை மாறாதுன்னு உச்ச நீதிமன்றம் 2011-லயே சுராஜ் லேம்ப் வழக்குல சொல்லிடுச்சு. குடிசைக்கு வீட்டுக் கடனும் கிடைக்காது, அதனால பெர்சனல் லோன் போடச் சொல்வாங்க. கிடைச்ச வீட்டை விற்கிறதுக்கும் தடைக்காலம் உண்டு. முன்பு 10 வருஷமா இருந்தது, பிறகு 5-ஆ குறைச்சாங்க. நான் இந்தப் பக்கமே போகமாட்டேன்.

வீட்டைக் காலி பண்ணின பிறகு பில்டர் தர்ற இடைக்கால வாடகைப் பணத்துக்கு வரி உண்டான்னு கேட்கறவங்களுக்கு: அது கஷ்டத்துக்கு ஈடா வர்ற தொகை, டி.டி.எஸ். பிடிக்க வேண்டியதில்லைன்னு பம்பாய் உயர் நீதிமன்றம் 2024 ஏப்ரல்ல சொல்லியிருக்கு. அந்தப் பணம் அப்பா கணக்குக்கு வரும்போது, புது இடத்து வாடகை ஒப்பந்தமும் அவர் பேர்ல இருந்தா, அதே வாடகைக்கு நீங்க எச்.ஆர்.ஏ. கேட்க முடியாது. ஒப்பந்தம் உங்க பேர்ல, வாடகையும் உங்க கணக்குல இருந்து போகணும்; அதுவும் பழைய வரி முறையில இருக்கிறவங்களுக்குத்தான். புது வீட்டுக்குச் சொத்து வரி வருமேன்னு அப்பா கவலைப்பட்டா, மும்பை மாநகராட்சியில 500 சதுர அடி வரையிலான குடியிருப்புக்கு 2022 ஜனவரி 1 முதல் சொத்து வரி தள்ளுபடின்னு சொல்லுங்க. பராமரிப்புக் கட்டணம், லிஃப்ட் செலவு, தண்ணீர் பில் அதுல சேராது. அதை மாசச் செலவுக் கணக்குல இப்பவே ஒரு வரியா எழுதி வச்சுக்குங்க.